மாந்தோப்பில் வைத்துக் காத்த ஓட்டு

ஓய்வூதியர் நேர்காணலுக்காகக் கருவூலத்துக்குப் போயிருந்தேன். நாங்கள் இன்னும் உயிரோடு இருக்கிறோம் என்று வருடத்துக்கு ஒருமுறை நேரில் போய்க் காட்ட வேண்டும். வரிசையில் எனக்கு முன்னால் நின்ற ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் செய்தித்தாளை விரித்து வைத்துக்கொண்டு சிரித்தார். எங்கேயோ ஓர் ஒன்றியத்தில் கவுன்சிலர்களைப் பேருந்தில் ஏற்றிக்கொண்டு போய் மலைமேல் விடுதியில் வைத்திருக்கிறார்களாம். அவர்கள் நீச்சல் குளத்தில் குளிக்கும் படம்கூடப் போட்டிருந்தது. செய்தித்தாள் கை மாறக் கை மாற வரிசை முழுக்கச் சிரிப்பு.

மேசைக்குப் பின்னால் இருந்த இளம் உதவியாளர் என் ஓய்வூதியப் புத்தகத்தைப் பார்த்துவிட்டு, "நீங்க ஒன்றியத்துல வேலை பார்த்தவரா சார்? உங்க காலத்துல இந்தக் கூத்தெல்லாம் இருந்திருக்காதுல்ல?" என்றார்.

"இருந்துச்சு" என்றேன்.

"அப்பவே ரிசார்ட்டா சார்?"

"ரிசார்ட் இல்லப்பா. மாந்தோப்பு."

அவரும் சிரித்தார். பின்னால் ஆட்கள் காத்திருந்தார்கள். அந்த இடத்தில் சொல்லக்கூடிய விஷயமும் இல்லை. அதனால் எழுதுகிறேன்.

என் பெயர் காஜா மொய்தீன். தர்மபுரியில் பிறந்தவன். அப்பா குடை, பூட்டு, பெட்ரோமாக்ஸ் விளக்கு பழுது பார்ப்பவர். ஊராட்சி ஒன்றியங்கள் புதிதாக ஏற்பட்டு, எங்கள் பகுதி இன்னும் சேலம் மாவட்டத்தில் இருந்தபோது எழுத்தராகச் சேர்ந்தேன். பிறகு பயிற்சிக்கு அனுப்பினார்கள். வாய்க்கால் அளக்கவும், வரிப் பதிவேடு சரிபார்க்கவும், கூட்டக் குறிப்பு எழுதவும் கற்றுக்கொண்டு ஊராட்சி விரிவாக்க அலுவலராகத் திரும்பி வந்தேன். தர்மபுரி தனி மாவட்டமாகி, ஆபீஸ் முத்திரைகளை எல்லாம் மாற்றிக்கொண்டிருந்த சமயம் அது. எனக்கு வேலை கிடைத்த ஒன்றியத்தின் பெயரைச் சொல்லப் போவதில்லை. அதில் இருந்தவர்களின் பேரப்பிள்ளைகள் இன்றும் அங்கேதான் வாழ்கிறார்கள்.

அந்த நாளில் ஒன்றியத்தின் கை மிகவும் நீளம். தொடக்கப் பள்ளிக்கூடங்கள் அதன் கீழ். வாத்தியாரை எங்கே போடுவது, எங்கே மாற்றுவது என்று முடிவு செய்வது ஒன்றியம். கிராமச் சாலை, குடிநீர்க் கிணறு, மருந்தகம் எல்லாம் ஒன்றியம். ஊராட்சித் தலைவர்கள்தான் ஒன்றியத்தின் உறுப்பினர்கள். அவர்கள் கூடித் தங்களுக்குள் ஒருவரைச் சேர்மனாகத் தேர்ந்தெடுப்பார்கள். எங்கள் சேர்மனுக்கு அரிசி மில் இருந்தது. ஊரே அவரை மில்காரர் என்றுதான் சொல்லும். நானும் அப்படியே சொல்லிவிடுகிறேன்.

ஆபீசுக்குத் தலைவர் ஆணையர். எங்கள் ஆணையர் தணிகாசலம் உயரமான ஒல்லி மனிதர். சித்திரை வெயிலிலும் முழுக்கைச் சட்டையின் மணிக்கட்டுப் பொத்தானைக் கழற்ற மாட்டார். எந்தக் காகிதம் வந்தாலும் பென்சில் முனையை வரிக்கு அடியில் ஓட்டிக்கொண்டே மெல்லிய குரலில் தனக்குத்தானே படிப்பார். படித்து முடிக்கும்வரை எதிரே மந்திரியே நின்றாலும் நிமிர மாட்டார். யாராவது வாய்வழியாக ஒரு காரியம் சொன்னால் அவரிடம் ஒரே பதில்தான்: "எழுதிக் குடுங்க."

"அந்தக் கான்ட்ராக்ட்ட நம்ம ஆளுக்கே போட்டுருங்க" என்பார் மில்காரர். "எழுதிக் குடுங்க" என்பார் ஆணையர். மில்காரர் சிரித்துக்கொண்டே எழுந்து போய்விடுவார். தவறான காரியத்தை எவரும் தன் கையெழுத்தோடு கேட்கமாட்டார்கள் என்பது ஆணையரின் நம்பிக்கை. பல வருடம் அந்த நம்பிக்கை பொய்க்கவில்லை.

பொய்த்த நாள் எனக்கு நினைவிருக்கிறது. கைக்குழந்தைக்காரியான ஓர் ஆசிரியையை மலையடிவாரத்தில் பஸ் போகாத பள்ளிக்கூடத்துக்கு மாற்றச் சொன்னார்கள். அவர் கணவர் தேர்தலில் எதிர்த் தரப்புக்கு ஏஜென்ட்டாக உட்கார்ந்தவர். ஆணையர் வழக்கம்போலச் சொன்னார். அடுத்த ஒன்றியக் கூட்டத்தில் அதைத் தீர்மானமாகவே கொண்டு வந்தார்கள். 'நிர்வாக நலன் கருதி' என்று ஆரம்பித்து அழகான தமிழில் எழுதியிருந்தது. பெரும்பான்மை கை தூக்கியது. ஆணையர் பென்சிலை ஓட்டி ஓட்டிப் படித்தார். கையெழுத்துப் போட்டார். என்னிடம், "எழுதிக் குடுத்துட்டாங்க காஜா" என்றார். அதற்கு மேல் அவரிடம் வேறு ஆயுதம் இல்லை என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

அந்த ஆசிரியை உத்தரவை வாங்கும்போது குழந்தையை என் மேசைமேல் உட்கார வைத்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

இப்போது சென்னப்பனைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

கல்லாத்துப்பட்டி என்று ஒரு சின்ன ஊராட்சி. பாறைக் காடு. ராகியும் கொள்ளும் விளையும். பாதி வீடுகளில் கன்னடம் பேசுவார்கள், மீதி வீடுகளில் தமிழ். குடிக்கத் தண்ணீர் வேண்டுமென்றால் பெண்கள் ஓடைக்கு இறங்கி மணலில் ஊற்றுத் தோண்டி, தேங்காய்ச் சிரட்டையால் மொண்டு குடத்தில் ஊற்ற வேண்டும். ஒரு குடம் நிறைவதற்குள் வெயில் ஏறிவிடும். சென்னப்பன் அந்த ஊர் விவசாயி. கன்னட வீட்டுக்காரர். கிணறு கேட்டு ஆபீசுக்கு நடையாக நடந்தார். ஒருநாள் மில்காரர் என் எதிரிலேயே அவரிடம் சொன்னார்: "போன எலெக்ஷன்ல உங்கூரு தலைவரு எனக்கா ஓட்டுப் போட்டாரு? அவருகிட்டயே போயி கெணறு கேளு."

சென்னப்பன் வெளியே வந்து வராந்தாத் தூணில் சாய்ந்து நின்றார்.

"காஜா சாரே, தலைவரா இருக்கறவரு ஓட்டு எங்க போவுதோ அங்கதான் தண்ணி போவுமா?"

"அப்படித்தான் நடக்குதுங்க."

"அப்ப நானே நிக்கறேன்."

அடுத்த தேர்தலில் நின்றார். அந்த முறை ஊர் மக்களே நேரடியாக ஓட்டுப் போட்டுத் தலைவரைத் தேர்ந்தெடுத்தார்கள். அவர் கொடி கட்டவில்லை, ஊர்வலம் போகவில்லை. கிணறு கொண்டு வருவேன் என்று மட்டும் சொன்னார். ஜெயித்துவிட்டார்.

சேர்மன் பதவிக்கு மில்காரரை எதிர்த்து நின்றவர் ஒரு வக்கீல். வயது குறைவு, பேச்சு வளம். தலைவர்கள் சரிபாதியாகப் பிரிந்து நின்றார்கள். சென்னப்பன் எந்தப் பக்கமும் சாயாமல் இருந்தார். மில்காரர் காரை எடுத்துக்கொண்டு கல்லாத்துப்பட்டிக்கே போனார். கோயில் முன்னால் ஊர்ச்சனம் பார்க்க, "நான் சேர்மனானா மொத வேலை உங்க கெணறு" என்று சூடத்தை அணைத்துச் சத்தியம் செய்தார். சென்னப்பனும், "எங்கூரு ஓட்டு உங்களுக்குங்க" என்று அதே சூடத்தில் கை வைத்தார். அன்று மாலையே அவரைக் காரில் ஏற்றிக்கொண்டார்கள். மில்காரர் பக்கத்துத் தலைவர்கள் அத்தனை பேரும் அவருடைய உறவினர் ஒருவரின் மாந்தோப்புக்குப் போய்விட்டார்கள். வக்கீல் தன் ஆட்களை ஒகேனக்கல் பக்கம் கொண்டுபோனார். எங்கே இருக்கிறார்கள் என்று டீக்கடையில் கேட்டாலே சொல்வார்கள். அதில் ரகசியம் எதுவும் இல்லை.

தேர்தல் கூட்டத்துக்கான அறிவிப்பை ஒவ்வோர் உறுப்பினருக்கும் சேர்ப்பிக்கும் வேலை என்னிடம் வந்தது. ஆணையர் காரணத்தை ஒளிக்கவில்லை. "இங்க இருக்கற எல்லாரையும் ஒரு சாதிக் கணக்குல சேத்துருவாங்க காஜா. உங்களை ரெண்டு பேரும் சந்தேகப்பட மாட்டாங்க. நீங்களே போங்க." அந்த ஆபீசில் நான் ஒருவன்தான் முஸ்லிம். அது அன்றைக்கு இப்படிப் பயன்பட்டது.

அறிவிப்பைச் சேர்ப்பிக்க முறை உண்டு. உறுப்பினர் கையில் கொடுத்துக் கையெழுத்து வாங்க வேண்டும். அவர் இல்லையென்றால் வீட்டிலுள்ள வயது வந்தவரிடம் கொடுக்கலாம். யாரும் இல்லையென்றால் இரண்டு சாட்சிகள் பார்க்க வாசற்கதவில் ஒட்ட வேண்டும். கோந்து டப்பாவும் மைப் பெட்டியும் சைக்கிளில் கட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போனேன். எல்லா வீட்டிலும் ஒரே பதில்: "அவுரு கோயிலுக்குப் போயிருக்காருங்க."

கல்லாத்துப்பட்டியில் சென்னப்பனின் மனைவி மாதம்மாள் களத்தில் கொள்ளு புடைத்துக்கொண்டிருந்தாள். அவள் மட்டும் கோயில் என்று சொல்லவில்லை.

"மாந்தோப்புல வெச்சிருக்காங்க பாயி. உங்களுக்குத் தெரியாததா? இந்தக் காயிதத்தை எங்கிட்டக் குடுத்து என்னா பண்றது?"

"வூட்ல யாராவது வாங்கிட்டாப் போதும்மா."

பெருவிரலை மையில் உருட்டி ஒற்றிவிட்டு, முந்தானையில் மையைத் துடைத்துக்கொண்டே உள்ளே போனாள். துணியில் அடர்த்தியாகத் தைத்த ஒரு பட்டையோடு வந்தாள்.

"அவுருக்குக் குடல் எறக்கம் இருக்குதுங்க. இத இறுக்கிக் கட்டினாத்தான் நிக்கும். கார் வந்து நின்ன அவசரத்துல வுட்டுட்டுப் போயிட்டாரு. நீங்க பாத்தீங்கன்னா குடுத்துருங்க."

அறிவிப்பு கொடுத்தாகிவிட்டது, தோப்புக்குப் போக எனக்கு வேலை இல்லை. ஆனாலும் போனேன். வாசலில் மில்காரரின் மைத்துனர் நின்றார். இரண்டு நாய்கள். ஆணையர் ஆபீஸ் ஆள் என்பதால் உள்ளே விட்டார். தலைவர்கள் கயிற்றுக் கட்டில்களில் உட்கார்ந்து சீட்டாடிக்கொண்டிருந்தார்கள். எல்லோரும் புது வேட்டி. ஆட்டுக்கறி வேகும் வாசனை. சென்னப்பன் ஆட்டத்தில் சேராமல் ஓரத்தில் குந்தியிருந்தார். என்னைக் கண்டதும் முகம் மலர்ந்தது. பட்டையைக் கண்டதும் மாறியது.

"அட, எல்லாரும் பாக்கறாங்க சாரே" என்று வாங்கி மடியில் சுருட்டிக்கொண்டார். அதற்குள் யாரோ பார்த்துவிட்டு ஒரு கேலி சொன்னார்கள். கட்டில்கள் குலுங்கச் சிரித்தார்கள்.

"கட்டிக்குங்க சென்னப்பா. வூட்டம்மா சொல்லி அனுப்பிச்சிருக்கு."

"கட்டறேன், கட்டறேன். ஊர்ல ஊத்துல தண்ணி ஊறுதான்னு பாத்தீங்களா?"

"ஊறுதுங்க. கொஞ்சமா."

"இன்னும் கொஞ்ச நாளுதான்" என்றார்.

தேர்தலுக்கு முந்தின நாள் காலையில் எங்கள் மருந்தகத்துக் கம்பவுண்டர் ஆபீசுக்கு வேர்த்து விறுவிறுத்து வந்தார். அவரைத் தோப்புக்குக் கூட்டிப்போயிருக்கிறார்கள். சென்னப்பனுக்கு இறங்கின குடல் மேலே ஏறவில்லை. கல் மாதிரி வீங்கியிருக்கிறது. தண்ணீர் கொடுத்தாலும் வாந்தி.

"உடனே தர்மபுரிக்கு எடுத்துட்டுப் போயி ஆபரேசன் பண்ணனும் சார். நான் சொல்லிட்டேன். 'நாளைக்கு ஓட்டு முடியட்டும், வலிக்கு ஒரு ஊசி போடு'ங்கறாங்க. ஆஸ்பத்திரி வாசல்ல வக்கீல் ஆளுங்க நிப்பாங்களாம். தூக்கிட்டுப் போயிருவாங்களாம்."

ஆணையர் நிமிர்ந்தார். "இதை எழுதிக் குடுங்க."

கம்பவுண்டர் கை கூப்பினார். "எனக்கு மூணு பொட்டப் புள்ளைங்க சார். நாளைக்கு ஜெயிக்கப் போறது யாருன்னு தெரியாது. என்னால முடியாது."

ஆணையர் அவரைத் திட்டவில்லை. பிறகு என்னிடம், "எழுதிக் குடுக்க உரிமை இருக்கறவங்க ஒருத்தங்க இருக்காங்க. கூட்டிட்டு வாங்க" என்று ஜீப்பைக் கொடுத்தார்.

மாதம்மாளைக் கூட்டி வந்தேன். அவள் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். என் கணவர் உயிருக்கு ஆபத்தான நிலையில் இருக்கிறார், அவரை ஆஸ்பத்திரிக்கு அனுப்ப வேண்டும் என்று இரண்டே வாக்கியம். பெருவிரல் வைத்தாள். ஆணையர் அதைப் படித்து, சட்டைப் பையில் வைத்துக்கொண்டு ஜீப்பில் ஏறினார். போலீஸ் ஸ்டேஷனில் இன்ஸ்பெக்டர், "அவரு சின்னக் குழந்தையா சார்? இஷ்டப்பட்டுப் போனவரு. வேணும்னா ஒரு ஏட்டை அனுப்பறேன்" என்றார். ஏட்டையும் ஏற்றிக்கொண்டு தோப்புக்குப் போனோம்.

மில்காரரே வாசலுக்கு வந்தார். ஆணையருக்கு நாற்காலி போடச் சொன்னார். ஆணையர் உட்காரவில்லை. மனுவைப் படித்துக் காட்டினார். மில்காரர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அவரு வர்றேன்னா கூட்டிட்டுப் போங்க. நானா புடிச்சு வெச்சிருக்கேன்? அவரு வாயாலயே கேளுங்க" என்றார்.

சென்னப்பனை இரண்டு பேர் தாங்கி வெளி வராந்தாவுக்குக் கொண்டு வந்தார்கள். முகம் வெளுத்து, உதடு வெடித்திருந்தது. அவரை நாற்காலியில் உட்கார வைத்துவிட்டு மைத்துனர் பின்னால் நின்று தோளில் கை வைத்துக்கொண்டார்.

மாதம்மாள் ஓடிப்போய் அவர் காலைப் பிடித்தாள். கன்னடத்தில், "பாவி பேடா. நீ பா, மனெகெ ஹோகோண" என்று கெஞ்சினாள்.

மைத்துனர் சிரித்தார். "பொண்டாட்டி பாவிங்குது பாரு."

அங்கே கன்னடம் தெரிந்தவர்கள் சென்னப்பனும் நானும்தான் என்று நினைக்கிறேன். கன்னடத்தில் பாவி என்றால் கிணறு. கிணறு வேண்டாம், நீ வா, வீட்டுக்குப் போகலாம் என்று அவள் சொன்னாள்.

சென்னப்பன் அவளைப் பார்த்துப் பேசவில்லை. நேராக மில்காரரைப் பார்த்து, தமிழில் சொன்னார்: "நான் நல்லாத்தான் இருக்கறனுங்க. நாளைக்கு ஓட்டுப் போட்டுட்டு வர்றேன். ஊருக்கு வாக்குக் குடுத்திருக்கேன். யாரும் என்னெப் புடிச்சு வெக்கலை."

"கேட்டுக்கிட்டீங்களா?" என்றார் மில்காரர்.

ஏட்டு கேட்டுக்கொண்டார். ஆணையர் இன்னொரு தடவை, மிக மெதுவாக, "சென்னப்பா, நாளை வரைக்கும் தாங்காது. கெணத்துக்கு நான் முயற்சி பண்றேன், எங்கூட வாங்க" என்றார். சென்னப்பன் கண்ணை மூடிக்கொண்டார். தோளில் இருந்த கை நகரவே இல்லை. வயது வந்த மனிதன், சுயநினைவோடு, சாட்சிகள் முன்னிலையில் வரமாட்டேன் என்று சொல்லிவிட்டான். ஆணையரின் பையில் இருந்த காகிதத்துக்கு அதற்குமேல் பலம் இல்லை.

திரும்பும்போது மாதம்மாள் ஜீப்பின் பின் இருக்கையில் அழாமல் உட்கார்ந்திருந்தாள். பாதி வழியில் சொன்னாள்: "எனக்கு அவுரு ஒருநாளும் தமிழ்ல பதில் சொன்னதில்லீங்க."

மறுநாள் ஒன்றிய ஆபீஸ் வாசலில் கயிறு கட்டிப் போலீஸ் நின்றது. கயிற்றுக்கு ஒரு பக்கம் மில்காரர் கூட்டம், மறுபக்கம் வக்கீல் கூட்டம். தேர்தலை நடத்த வந்த கோட்டாட்சியர் ஆணையரின் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். ஓட்டுப் பெட்டியைத் திறந்து காலியாக இருப்பதை எல்லோருக்கும் காட்டிப் பூட்டி அரக்கு வைத்தேன். மூலையில் பீரோவை நகர்த்தி ஒரு பெட்ஷீட்டைத் தொங்கவிட்டு மறைப்பு. வந்து பதிவேட்டில் கையெழுத்துப் போட்ட உறுப்பினருக்கு ஓட்டுச் சீட்டு தர வேண்டும். வராதவருக்கு ஓட்டு இல்லை. விதி அவ்வளவுதான்.

சென்னப்பனை நாற்காலியோடு தூக்கி வந்தார்கள். அறையில் ஒரு வாடை பரவியது. பக்கத்தில் உட்கார்ந்த தலைவர்கள் துண்டால் மூக்கை மூடிக்கொண்டார்கள். அன்றைக்குக் கேலி சொன்னவரும் அதில் இருந்தார். மாதம்மாள் வெளியே ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

ஆணையர் அவள் மனுவைக் கோட்டாட்சியர் முன் வைத்தார். அவர் படித்துவிட்டு, "ஓட்டுப் போட முடியுமாய்யா?" என்று சென்னப்பனைக் கேட்டார்.

"போடறனுங்க."

"சரி, இவரை மொதல்ல போட விடுங்க. போட்டவுடனே ஆஸ்பத்திரிக்கு அனுப்பிடுங்க" என்றார் கோட்டாட்சியர்.

உடனே வக்கீல் எழுந்தார். வரிசைப்படிதான் அழைக்க வேண்டும் என்றார். பேனா பிடிக்க முடியாதவருக்கு வேறொருவர் உதவினால் ரகசியம் கெட்டுவிடும் என்றார். ஆட்சேபணையைக் குறிப்பில் பதிவு செய்ய வேண்டும் என்றார். ஒவ்வொன்றுக்கும் ஒரு பிரிவு எண் சொன்னார். அவர் சொன்ன பிரிவுகள் சரியானவைதான். மில்காரர் பக்கம் கூச்சல் போட்டது. எதிர்ப்பக்கமும் போட்டது. அந்தச் சத்தம் நடந்துகொண்டே இருக்க, இரண்டு கூட்டத்துக்கும் நடுவில் நாற்காலியில் சென்னப்பனின் தலை பக்கவாட்டில் சாய்ந்துகொண்டே போனது. வக்கீல் எதற்குக் காத்திருக்கிறார் என்பது அந்த அறையில் எல்லோருக்கும் புரிந்தது. மில்காரர் எதற்கு அவசரப்படுகிறார் என்பதும் புரிந்தது.

கடைசியில் கோட்டாட்சியர் மேசையைத் தட்டி, ஆட்சேபணையைத் தள்ளினார். சென்னப்பனை மறைப்புக்குள் தூக்கிப்போய் நாற்காலியை வைத்துவிட்டு வெளியே வந்தார்கள். வெகுநேரம் ஆனதுபோல் இருந்தது. உள்ளேயிருந்து பேனா கீழே விழுந்த சத்தம் கேட்டது. மறுபடி அமைதி. பிறகு, "ஆச்சுங்க" என்றார். மடித்த சீட்டை அவரே நீட்டி, நான் தாழ்த்திப் பிடித்த பெட்டியில் போட்டார். அவர் விரல்கள் என் கையில் பட்டன. மழையில் நனைந்தவன் கைபோலச் சில்லிட்டிருந்தன.

"இப்ப எடுத்துட்டுப் போங்க" என்றார் கோட்டாட்சியர். மைத்துனர் அசையவில்லை. "எண்ணி முடியட்டும் சார். சமமா வந்து ஏதாச்சும் தகராறுன்னா மறுபடியும் ஆளு வேணும்."

ஆணையர் மேசையைச் சுற்றி வந்து, குனிந்து, இரண்டு கைகளாலும் சென்னப்பனை வாரித் தூக்கினார். அந்த ஒல்லி உடம்பில் அவ்வளவு பலம் இருந்ததை நான் அதுவரை அறியவில்லை. யாரும் தடுக்கவில்லை. ஜன்னலில் நின்றவள் சுற்றிக்கொண்டு ஓடி வந்து ஜீப்பில் ஏறினாள். ஜீப் கிளம்பிய சத்தம் கேட்டது. நான் அடுத்த உறுப்பினரின் பெயரைக் கூப்பிட்டேன். பெட்டியை விட்டு நகர எனக்கு விதியில்லை.

மாலை நெருங்கும்போது எண்ணி முடித்தேன். ஒரே ஓட்டு வித்தியாசத்தில் மில்காரர் ஜெயித்தார். பட்டாசு வெடித்தார்கள். மாலைகள் குவிந்து மேசைமேல் இருந்த காகிதங்கள் எல்லாம் பூவுக்கடியில் போயின.

ஊர்வலம் கடைத்தெருவைத் தாண்டிப் போனபிறகு ஜீப் திரும்பி வந்தது. ஆணையர் நேராகக் குழாயடிக்குப் போய், முதல் தடவையாக என் கண்ணெதிரில் சட்டைக் கையின் பொத்தான்களைக் கழற்றினார். முன்புறம் முழுக்கக் கறை. கழுவிக்கொண்டே சொன்னார்: "ஆபரேசன் தியேட்டருக்குள்ள கொண்டு போறப்பவே போயிட்டாரு. டாக்டர் என்னெப் பாத்து, 'படிச்சவர்தானே, நேத்தே கொண்டு வரக்கூடாதா'ன்னு கேட்டாரு காஜா." கறை போகவில்லை. அப்படியே ஈரத்தோடு உள்ளே போய் உட்கார்ந்தார்.

சாவுக்கு மில்காரர் பெரிய மாலையோடு வந்தார். கிணறு வெட்டுவது என் பொறுப்பு என்று பிணத்தின் பக்கத்தில் நின்று சொன்னார். சொன்னதைச் செய்திருப்பார் என்றே இன்றும் நினைக்கிறேன். ஆனால் சென்னப்பன் இடத்துக்கு இடைத்தேர்தல் வந்தபோது, ஊர் ஆத்திரத்தில் இருந்தது. வக்கீல் பக்கத்து ஆளைத் தேர்ந்தெடுத்தது. அதோடு முடிந்தது. கல்லாத்துப்பட்டிக் கிணறு என்ற பொருள் ஒவ்வொரு கூட்டத்திலும் 'அடுத்த கூட்டத்துக்கு' என்று தள்ளிப் போயிற்று. என் கையாலேயே அந்த வார்த்தைகளை எத்தனையோ தடவை எழுதினேன்.

ஆணையருக்கு ஒரு குறிப்பாணை வந்தது. தேர்தல் நாளில் ஒன்றிய ஜீப்பை அனுமதியின்றி வேறு காரியத்துக்குப் பயன்படுத்தியதற்கு விளக்கம் கேட்டிருந்தார்கள். "உறுப்பினர் ஒருவர் இறந்துகொண்டிருந்தார்" என்று ஒரே வரி எழுதி அனுப்பினார். தெற்குக் கோடிக்கு மாற்றல் வந்தது. போகும்போது எல்லோரிடமும் கைகுலுக்கினார். என்னிடம் மட்டும் ஏதோ சொல்ல வந்து, பஸ் கிளம்பிவிட்டதால் சொல்லாமலே போய்விட்டார். மறுபடி அவரை நான் பார்க்கவில்லை.

எழுபதுகளின் பிற்பாதியில் ஒன்றியக் குழுக்கள் எல்லாம் கலைந்தன. சேர்மன் அறையைப் பூட்டினார்கள். தனி அலுவலர்கள் நிர்வாகத்துக்கு வந்தார்கள். எங்களுக்கு வந்தவர் இளைஞர். கல்லாத்துப்பட்டிக் கோப்பை அவர் முன் வைத்தேன். நேரில் பார்க்க வேண்டும் என்றார். ஓடை மணலில் பெண்கள் சிரட்டையால் தண்ணீர் மொள்வதை நின்று பார்த்தார். ஆபீசுக்குத் திரும்பிய உடனே கையெழுத்துப் போட்டார்.

தேர்தல் இல்லாவிட்டால் நல்லது நடக்கும் என்று நான் சொல்ல வருவதாக யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். அந்த இளைஞருக்குப் பின் வந்த தனி அலுவலர் நாற்காலியை விட்டு எழுந்ததே இல்லை. அவரைக் கேட்க ஊருக்கு ஓர் ஓட்டும் இல்லை.

பாறைக்கு வெடி வைத்து வெடி வைத்துக் கிணறு இறங்கியது. தண்ணீர் வந்தது. சுற்றுச்சுவர் கட்டியபோது ஊர்க்காரர்கள் என்னிடம் வந்தார்கள். சுவரில் ஒரு கல் பதிக்க வேண்டும், அதில் 'கிணற்றுக்காக உயிர் கொடுத்த சென்னப்பன்' என்று வெட்ட வேண்டும் என்றார்கள். எனக்கும் நியாயமாகத்தான் பட்டது. மாதம்மாளைக் கேட்டுவிடலாம் என்று போனேன். அவளுக்குத் தலை நரைத்திருந்தது. ராகிக் கதிரை உதிர்த்துக்கொண்டே கேட்டாள். கை நிற்கவில்லை.

"வேணாம் பாயி."

"ஏம்மா? ஊரே ஆசைப்படுது."

"உயிர் குடுத்தாருன்னு எழுதினா, அவுரா குடுத்தாருன்னு ஆயிரும். அவுரு குடுக்கலீங்க. எடுத்துக்கிட்டாங்க. கெணத்துல தண்ணி இருந்தாப் போதும், அதுல பேரு ஒண்ணும் வேணாம்."

ஊர்க்காரர்களிடம் போய்ச் சொன்னேன். வெட்டுவதற்காகக் கொண்டு வந்திருந்த கல் வீணாகக் கிடந்தது. பிறகு அதைக் கிணற்றடியில் துணி துவைக்கப் போட்டுக்கொண்டார்கள்.